பங்குனியில் எடுத்த படம்

கைப்பேசியில் 52 விநாடி ஓடும் படம் ஒன்றை வைத்துக்கொண்டு, அது எந்த ஊர் என்று கேட்பதற்காகப் புதுச்சேரிப் பேருந்து நிலையத்தில் வில்லியனூர் வண்டி ஏறினேன்.

கறுப்பு வெள்ளைப் படம். ஒலி கிடையாது. மொத்தம் ஆறு துண்டுகள். முதலாவதில் ஒரு மண்சாலை, இரண்டு பக்கமும் பனை. அடுத்ததில் கொடிகளோடு வரும் கூட்டம். மூன்றாவதில் ஓட்டு வீடு, உருண்டைத் தூண் வைத்த திண்ணை, அதில் தொப்பி போட்ட இருவர். நான்காவதில் ஏரிக்கரை போல ஒரு மேடு, அதன் சரிவில் உட்கார்ந்திருக்கும் பெண்கள். ஐந்தாவதில் கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே ஓடிவரும் பிள்ளைகள். கடைசியில் ஒரு வயல்வெளி, தூரத்தில் மாட்டு வண்டி. வண்டி சட்டகத்தைத் தாண்டுவதற்குள் படம் முடிந்துவிடும்.

இது வெளிநாட்டுக் காப்பகம் ஒன்றின் பெட்டியிலிருந்து வந்தது. பெட்டியின் மேல் எழுதியிருந்தது இவ்வளவுதான்: பிரெஞ்சு இந்தியா, 1954, கிராமம், கூட்டம். பிற்பாடு யாரோ பட்டியலில் ‘கீழூர் வாக்கெடுப்பு’ என்று சேர்த்து, பக்கத்தில் ஒரு கேள்விக்குறியும் போட்டிருந்தார்கள். நான் வேலை செய்யும் ஆவணப்படம் புதுச்சேரியின் கிராமப்புறம் இந்தியாவோடு இணைந்த கதையைச் சொல்வது. இயக்குநருக்கு இந்த 52 விநாடி கிடைத்ததில் அப்படி ஒரு மகிழ்ச்சி. வாக்கெடுப்பு நாளின் காட்சியாக அதை வைத்து எடிட்டும் செய்துவிட்டார். அந்தக் கேள்விக்குறி மட்டும் என் கண்ணில் உறுத்திக்கொண்டே இருந்தது.

என் தொழிலுக்குத் தமிழில் இன்னும் நிலைத்த பெயர் இல்லை. நாங்கள் ‘ஃபுட்டேஜ் தேடுறது’ என்றுதான் பேசிக்கொள்வோம். ஆவணப்படம் எடுப்பவருக்கு வேண்டிய பழைய அசைபடத் துணுக்குகள் எந்த நாட்டில், எந்தக் கிடங்கில், யார் பெயரில் இருக்கின்றன என்று கண்டுபிடிக்க வேண்டும். பார்த்துத் தேர்வதற்காக ஒரு ஸ்கிரீனர் வாங்க வேண்டும். அதில் டைம்கோடு ஓடும். காப்பகத்தின் பெயர் குறுக்கே பதிந்திருக்கும். படத்தில் எந்த விநாடியிலிருந்து எந்த விநாடி வரை வேண்டும் என்று ஷாட் லிஸ்ட் எழுத வேண்டும். பிறகு உரிமை பேச வேண்டும்: எந்தெந்த நாடு, எத்தனை வருடம், தொலைக்காட்சிக்கா, திரையரங்குக்கா, இணையத்துக்கா. ஒவ்வொன்றுக்கும் ஒரு விலை. எல்லாம் விநாடிக் கணக்கு. பணம் கட்டிய பிறகே குறுக்கே எழுத்து இல்லாத மாஸ்டர் வரும். இவை எல்லாம் மேசையில் உட்கார்ந்தே செய்கிற வேலை. மேசையை விட்டு எழ வைப்பது ஒன்றுதான். படத்தில் இருப்பது உண்மையில் என்ன என்ற கேள்வி.

தமிழில் இந்தத் தொழிலுக்கு ஒரு மூதாதை உண்டு. கோட்டையூரில் பிறந்த ஏ.கே. செட்டியார். நமது பயண இலக்கிய முன்னோடியாகவும் ‘குமரி மலர்’ ஆசிரியராகவும் அவரை நாம் அறிவோம். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போகும் கப்பலில், காந்தியைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கலாம் என்ற எண்ணம் அவருக்கு வந்தது. அப்போது அவருக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. காந்தியை ஏற்கனவே பலர் பல நாடுகளில் படம் எடுத்திருந்தார்கள்; அந்தச் சுருள்களைத் தேடிச் சேர்ப்பதே முதல் வேலை என்று அவர் முடிவு செய்தார். ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் சுற்றினார். முப்பது ஆண்டுகளில் சுமார் நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்தவற்றிலிருந்து 50,000 அடி படச்சுருள் சேர்த்தார். இடையில் உலகப் போரும் மூண்டது. 1940-இல் 12,000 அடிப் படமாக அது தமிழில் வெளியானது. பின்னால் அந்தப் படமே காணாமல் போனதும், 1953-இல் அமெரிக்காவில் வெளியிட்ட அதன் ஆங்கில வடிவத்தை வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் கண்டெடுத்ததும் தனிக் கதை. தேடிச் சேர்த்தவனுடைய படத்தையே இன்னொருவர் கடல் தாண்டித் தேட வேண்டி வந்தது. மின்னஞ்சல் இல்லை, ஸ்கிரீனர் இல்லை, கடிதமும் கப்பலும் மட்டும். வில்லியனூர் வண்டியில் ஜன்னலோரம் உட்கார்ந்து, ஒரு கிராமத்தைக் கண்டுபிடிக்க முடியாமல் நான் அலுத்துக்கொள்ளக் கூடாது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டதற்குக் காரணம் அவர்தான்.

வில்லியனூரில் திருக்காமீசுவரர் கோயில் தேர்முட்டிப் பக்கம் சற்று நேரம் நின்றேன். பிரெஞ்சு ஆளுநர் வடம் தொட்டுத் தொடங்கி வைத்த தேர் இது. இப்போது துணைநிலை ஆளுநர் தொட்டு இழுக்கிறார். இப்படி ஒரு காட்சி இருந்தால் உலகத்தில் எந்தச் செய்திப்படக்காரனும் விட்டிருக்க மாட்டான் என்று நினைத்துக்கொண்டேன். அதையும் ஒருநாள் தேட வேண்டும். அங்கிருந்து ஷேர் ஆட்டோவில் கீழூர்.

கீழூர் சின்ன ஊர்தான். 1954 அக்டோபர் 18 அன்று இங்கேதான் பிரெஞ்சு இந்தியாவின் எதிர்காலம் வாக்குக்கு வந்தது. வாக்களித்தவர்கள் 178 பேர். இணைப்புக்கு ஆதரவு 170, எதிர்ப்பு 8. மூன்று நாள் கழித்து தில்லியில் ஒப்பந்தம். நவம்பர் 1-ஆம் தேதி பிரான்சின் சிறப்புத் தூதர் பியேர் லாந்தி நிர்வாகத்தை இந்தியப் பிரதிநிதி கேவல் சிங்கிடம் ஒப்படைத்தார். சட்டப்படியான மாற்றத்துக்கு 1962 ஆகஸ்ட் 16 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஆண்டுதோறும் அந்த நாளில் கீழூர் நினைவிடத்தில் கொடியேற்றுகிறார்கள். நான் போன நாளில் யாரும் இல்லை. வேப்பமரத்தடியில் ஆடு ஒன்று படுத்திருந்தது.

நினைவிடத்தின் முன் நின்று அந்த 178 என்ற எண்ணைத்தான் யோசித்தேன். அந்த 178 பேரும் மக்களால் தேர்ந்தெடுக்கப்பட்ட பிரதிநிதிகள்: பிரதிநிதித்துவ சபை உறுப்பினர்கள், கொம்யூன்கள் என்ற உள்ளாட்சிப் பிரிவுகளின் நகரசபை உறுப்பினர்கள். இன்னொரு பிரெஞ்சு ஊரான சந்திரநாகூரில் 1949-இல் நடந்தது போல மக்கள் வரிசையில் நின்று சீட்டுப் போடவில்லை. அப்படியானால் என் கைப்பேசியில் இருக்கிற கூட்டம் எது? கொடியோடு வரும் நூற்றுக்கணக்கானவர்கள் வாக்களிக்க வந்தவர்களாக இருக்க முடியாது. வேடிக்கை பார்க்க வந்தவர்களா, வரவேற்க வந்தவர்களா, அல்லது இது முற்றிலும் வேறு ஒரு நாளா? இயக்குநரோ அந்தக் கூட்டத்தின் மேல் ‘மக்கள் வாக்களித்தார்கள்’ என்ற வாசகத்தை வைத்திருந்தார்.

இதை ஒரு சின்னப் பிழை என்று விட்டுவிட எனக்கு மனம் வராது. ரஷ்யப் புரட்சியைப் பற்றி சோவியத் இயக்குநர் ஐசென்ஸ்டீன் 1928-இல் வெளியிட்ட ‘அக்டோபர்’ படத்தில், குளிர்கால அரண்மனையைத் தாக்கும் காட்சி நடிகர்களையும் ஆயிரக்கணக்கான உதவி ஆட்களையும் வைத்து எடுத்தது. புரட்சி நாளில் அப்படி ஒரு தாக்குதலை எந்தக் கேமராவும் பிடிக்கவில்லை. ஆனாலும் எத்தனையோ ஆவணப்படங்களில் அந்த நாடகக் காட்சியே நேரில் எடுத்ததாக ஓடிவிட்டது. ஒருமுறை ஓடினால் அடுத்த படக்காரர் அதிலிருந்து எடுப்பார், அவரிடமிருந்து இன்னொருவர். இந்தத் தவறை நானும் செய்திருக்கிறேன். சில வருடங்களுக்கு முன் ஒரு படத்தில் காரைக்கால் என்று நான் கொடுத்த கடற்கரைக் காட்சி உண்மையில் நாகப்பட்டினம். திரையிடல் முடிந்ததும் ஒரு மீனவப் பெரியவர் என்னிடம் வந்து, படகின் மூக்கு வளைவைக் காட்டி, “இது எங்க ஊர் கட்டு இல்லம்மா” என்றார். படம் அதற்குள் மூன்று நாடுகளில் காட்டப்பட்டிருந்தது. அன்றிலிருந்து, ஊரைக் கேட்காமல் ஊர்ப் பெயர் எழுதுவதில்லை என்று வைத்திருக்கிறேன்.

கீழூரில் இரண்டு மூன்று பேரிடம் படத்தைக் காட்டினேன். ஒருவர் திண்ணை வீட்டைப் பார்த்து, இப்படி ஒரு வீடு இங்கே இருந்ததாகத் தெரியவில்லை என்றார். இன்னொருவர் ஏரிக்கரையைப் பார்த்து, “தெக்கால போய்ப் பாருங்க, கரிக்கலாம்பாக்கம் பக்கம். அங்க வயசானவங்க இருக்காங்க” என்று வழி சொன்னார்.

வில்லியனூரிலிருந்து பாகூர் போகிற சாலையில் கரிக்கலாம்பாக்கம். பாகூரை ஆயிரத்துச் சொச்சம் ஆண்டுகளாகவே எழுத்து அறிந்திருக்கிறது; பல்லவன் நிருபதுங்கன் காலத்துச் செப்பேடுகள் அங்கிருந்த கல்விச்சாலைக்கு மூன்று கிராமங்களை எழுதி வைத்ததைச் சொல்கின்றன. செப்பேடு எங்கே கிடைத்தாலும், அதில் எந்த ஊர், எந்த எல்லை, எந்த வாய்க்கால் என்று எழுதியிருக்கும். செய்திப்படச் சுருளுக்கு அந்தப் பாக்கியம் இல்லை. ஒளிப்பதிவாளர் எடுத்துக்கொண்டு போய்விடுவார். குறிப்புச்சீட்டு இருந்தால் உண்டு, இல்லையென்றால் பெட்டியின் மேல் எழுதிய நான்கு வார்த்தைதான். சாலையின் இரண்டு பக்கமும் கரும்பும் நெல்லும் மாறி மாறி வந்தன. புதுச்சேரி மண்ணும் தமிழ்நாட்டு மண்ணும் இங்கே பின்னிக் கிடக்கின்றன. கடைப் பலகையைப் பார்த்துத்தான் எந்த மாநிலத்தில் இருக்கிறோம் என்று தெரிந்துகொள்ள வேண்டும்.

சந்திப்பில் இறங்கி டீக்கடைக்குப் போனேன். நான்கைந்து பேர் இருந்தார்கள். என்ன வேலையாக வந்தேன் என்று சொன்னதும் ஒருவர் பெஞ்சில் நகர்ந்து இடம் கொடுத்தார். அறுபது வயது இருக்கும். வயலிலிருந்து நேராக வந்திருக்கிறார், காலில் சேறு காயவில்லை. கைப்பேசியை வாங்கி வெயில் படாமல் துண்டால் மறைத்துக்கொண்டு பார்த்தார். கொடியையும் கூட்டத்தையும் அவர் பார்க்கவே இல்லை. கடைசித் துண்டு வந்ததும் நிறுத்தச் சொன்னார்.

“இது எப்ப எடுத்ததுன்னு சொன்னீங்க?”

“அக்டோபர் பதினெட்டு, 54-னு சொல்றாங்க.”

“அக்டோபர்னா ஐப்பசி. ஐப்பசி பொறந்திருக்கும். ஐப்பசியில வயல் இப்படியா இருக்கும்? தாள் நிக்குது பாருங்க. அறுத்துட்டுப் போட்ட வயல். மண்ணு வெடிச்சுக் கெடக்குது. வண்டி வயல்ல குறுக்கால போவுது. சம்பா நட்டிருந்தா வண்டி எறங்குமா?”

நான் அந்தக் காட்சியை முப்பது தடவையாவது பார்த்திருப்பேன். வண்டியைப் பார்த்திருக்கிறேன். வண்டி எதன் மேல் போகிறது என்று பார்த்ததில்லை.

இந்தப் படத்துக்குத் தேதி கண்டுபிடிக்க நான் பட்ட பாடு கொஞ்சமில்லை. ஃபிலிம் ஓரத்தில் கோடக் நிறுவனம் வட்டம், சதுரம், முக்கோணம் என்று சின்னங்கள் அச்சிடும். அதிலிருந்து சுருள் தயாரான வருடம் தெரியும். ஆனால் சின்னங்கள் இருபது வருடத்துக்கு ஒருமுறை திரும்ப வரும். ஓரத்தையும் சேர்த்து ஸ்கேன் செய்து அனுப்பச் சொல்லி மன்றாடி வாங்கினேன். 1933 அல்லது 1953 என்று வந்தது. கூட்டத்தின் கையிலிருந்த கொடியில் அசோகச் சக்கரம் இருந்ததால் 1933 இல்லை. 1953-இல் செய்த சுருளை மறு வருடம் ஓட்டியிருக்கலாம். பெட்டியின் மேல் இருந்த 1954 சரியாகவே இருக்கலாம். திண்ணையில் நின்ற இருவரின் தொப்பி பிரெஞ்சுக் காவலர்களின் கெப்பி என்று முதலில் துள்ளினேன். பிறகு தெருவில் போகும்போது பார்த்தால், புதுச்சேரிக் காவலர் தலையில் இன்றைக்கும் அதே சிவப்புக் கெப்பி. அது சாட்சி ஆகாது. இவ்வளவுக்கும் பிறகு வருடம் கிடைத்தது, மாதம் கிடைக்கவில்லை. மாதத்தை இந்தப் பெரியவர் டீ ஆறுவதற்குள் பாதி சொல்லிவிட்டார்.

“அப்ப எந்த மாசங்க?”

“தை அறுப்பு முடிஞ்ச பெறகு. மாசியோ பங்குனியோ. நான் வயலப் பாத்து இவ்ளோதான் சொல்ல முடியும். எங்க தெருவுல ஒரு ஆயா இருக்குது. அத கேளுங்க.”

ஆயாவின் வீட்டுக்கு அவரே கூட்டிக்கொண்டு போனார். எண்பதைத் தாண்டிய வயது. காது நன்றாகக் கேட்டது. கண்தான் ஒன்றில் புரை. பேரன் ஒருவன் கல்லூரியில் படிக்கிறான். அவன் என் கைப்பேசியிலிருந்த படத்தை நிறுத்தி நிறுத்தி ஆயாவின் நல்ல கண்ணுக்கு நேராகப் பிடித்துக் காட்டினான். நான் முதலில் கேட்டது கூட்டத்தைப் பற்றி. அந்தக் கூட்டம் என்ன கத்தியிருக்கும், கொடி யார் கொடுத்தார்கள் என்று. செய்திப்படச் சுருள்களில் பெரும்பாலும் ஒலி பதிவதில்லை. பின்னால் ஸ்டூடியோவில் வர்ணனையும் வாத்திய இசையும் சேர்ப்பார்கள். அந்த வாய்கள் அசைவது தெரியும், என்ன சொல்கின்றன என்று தெரியாது. அதை யாராவது சொல்ல மாட்டார்களா என்ற ஆசை எனக்கு.

ஆயாவுக்குக் கூட்டம் பெரிதாகப் படவில்லை. “கூட்டம் எல்லா நாளும்தான் போச்சு. அப்ப எனக்குப் பத்து வயசு இருக்கும். எங்களுக்கு மண்ணெண்ணெதான் பெரிய கவலை கண்ணு. அந்தாண்ட போயி வாங்கிட்டு வந்தா சுங்கக்காரன் புடிச்சுக்குவான். துணி வாங்கினா இடுப்புல சுத்திக்கிட்டு வரணும். எங்கம்மா என் பாவாடைக்குள்ள சுத்தி அனுப்பும்.”

1949-இல் சுங்க ஏற்பாடு முறிந்த பிறகு, பிரெஞ்சு ஊர்களைச் சுற்றி இந்திய சுங்கக் காவல் வந்தது. வீடு ஒரு நாட்டிலும் வயல் இன்னொரு நாட்டிலும் இருந்த இந்தச் சீமைக்கு அது தினசரித் தொல்லை. 1954-இல் கெடுபிடி இன்னும் இறுகியது. புத்தகங்களில் இதைப் பொருளாதார நெருக்கடி என்று ஒரு வரியில் படித்திருக்கிறேன். பத்து வயதுப் பெண்ணின் இடுப்பில் சுற்றிய துணியாக இன்றுதான் கேட்டேன். இதற்கு எந்தக் காப்பகத்திலும் ஃபுட்டேஜ் கிடைக்காது. சுங்கக்காரன் கண்ணுக்கே தப்பியது, கேமராக்காரன் கண்ணில் எப்படிப் படும்?

நான்காவது துண்டு வந்தது. மேட்டுச் சரிவில் பெண்கள். ஆயா பேரனின் கையைத் தட்டினார்.

“நிறுத்துடா. அந்த ஓரத்துல குந்தியிருக்கிறாளே, அவ கையில இன்னா?”

படத்தின் வலது ஓரம். பாதி உடம்பு சட்டகத்துக்கு வெளியே. முன்னால் ஒரு கூடை. நான் எழுதிய ஷாட் லிஸ்டில் அவளுக்கு ‘பெண், கூடையுடன்’ என்று பெயர்.

“அருவா. அவ அருவாளப் புடிச்சிருக்கிற புடியப் பாரு. நுங்கு சீவுறா. கூடையில இருக்கிறது நுங்குக் குலை. ஐப்பசியில ஏது நுங்கு? பங்குனி கடைசி, சித்திரைதான். பங்குனி உத்திரத்துக்குப் போறப்ப வழியெல்லாம் குந்தியிருப்பாளுங்க.”

பேரன் படத்தைப் பெரிதாக்கினான். மங்கலாகத்தான் தெரிந்தது. ஆனால் சொன்ன பிறகு வேறு எதுவாகவும் தெரியவில்லை. முதல் துண்டில் சாலையோரம் ஒரு கீற்றுக் கொட்டகை உண்டு. அதன் அடியில் பானைகள். அதையும் ஆயா கேட்காமலே சொன்னார்: “அது தண்ணிப் பந்தல்.” வெயில் காலத்துக்குத்தானே தண்ணீர்ப் பந்தல். எனக்கு அது வெறும் கொட்டகை.

பங்குனி, சித்திரை என்றால் 1954 மார்ச் கடைசியும் ஏப்ரலும். அது என்ன காலம் என்று வரலாறு தெரிந்தவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். அந்த மார்ச்சில்தான், அதுவரை பிரெஞ்சுப் பக்கம் நின்ற தலைவர் எதுவார் குபேரும் கொம்யூன் மேயர்களும் இணைப்பை ஆதரித்துத் திரும்பினார்கள். மார்ச் 31 அன்று இதே பக்கத்தில் இருக்கிற நெட்டப்பாக்கத்தில் காவல் நிலையத்தின் மேல் இந்தியக் கொடி ஏறியது. அங்கே ஒரு தற்காலிக அரசும் அமைந்தது. இந்தப் பகுதிக் கிராமங்கள் நகரத்துக்கு முன்னால் எழுந்த நாட்கள் அவை. அக்டோபரில் 178 பேரின் வாக்காக வந்து நின்றது, பங்குனி வெயிலில் இந்தப் புழுதிச் சாலையில் நடந்து வந்ததுதான். படத்தில் இருப்பது நெட்டப்பாக்கம் என்று நான் சொல்லமாட்டேன். கரிக்கலாம்பாக்கம் என்றும் சொல்லமாட்டேன். திண்ணை வீட்டை யாராலும் அடையாளம் சொல்ல முடியவில்லை. ஏரிக்கரை எந்த ஊரிலும் ஏரிக்கரைதான். ஆனால் இது கீழூர் வாக்கெடுப்பு இல்லை. அதில் எனக்கு இனிச் சந்தேகம் கிடையாது.

அங்கிருந்தே இயக்குநரை அழைத்தேன். சில நொடி அவர் பேசவில்லை. அந்த இடத்தில் வேறு என்ன வைப்பது என்று கேட்டார். வாக்கெடுப்பு நாளுக்குப் படம் இல்லையென்றால் இல்லை என்றே காட்டுவோம், ஆடு படுத்திருக்கும் நினைவிடத்தை இன்றைக்குப் போய் எடுத்து வைப்போம், இந்தக் கூட்டத்தை அதற்குரிய பங்குனியில் வைப்போம் என்றேன். அவர் நல்ல மனிதர். “அப்படின்னா படத்தோட முதல் பாதியே மாறுது” என்று பெருமூச்சு விட்டு, ஒத்துக்கொண்டார்.

நம் பக்கத்தில் பழைய படங்கள் மிஞ்சியதே குறைவு. தென்னிந்தியாவில் எடுத்த மௌனக் கதைப்படங்களில் ‘மார்த்தாண்ட வர்மா’ ஒன்று புணே திரைப்படக் காப்பகத்தில் இருக்கிறது. நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ உட்பட மற்றவை போய்விட்டன. நைட்ரேட் சுருள் எரியும். 2003-இல் புணேயிலேயே ஒரு கிடங்கு எரிந்தது. அதற்குப் பின்னால் வந்த அசிடேட் எரியாது, ஆனால் நம் ஊர் வெப்பத்திலும் ஈரத்திலும் புளித்துச் சுருங்கும். பெட்டியைத் திறந்தாலே காடி வாசம் மூக்கைக் குத்தும். அந்த வாசம் வந்தால் பக்கத்துப் பெட்டிக்கும் பரவும். அதனால் குளிரூட்டிய கிடங்கில் பத்திரமாக இருக்கும் வெளிநாட்டுச் சுருளைப் பற்றி நான் குறை சொல்லவே மாட்டேன். அங்கே இருந்ததால்தான் நுங்கு சீவுகிறவளின் கை இன்றும் தெரிகிறது. ஆனால் அந்தக் கை என்ன செய்கிறது என்று அந்தக் கிடங்கில் ஒருவருக்கும் தெரியாது. தெரிந்தவர் ஒற்றைக் கண்ணோடு இந்தத் தெருவில் உட்கார்ந்திருக்கிறார். சுருளுக்குக் குளிர் அறை கட்டலாம். ஆயாவுக்கு என்ன கட்டுவது? என் தொழிலில் எனக்கு இருக்கும் அவசரமெல்லாம் இதனால்தான். சுருள் இன்னும் நூறு வருடம் காத்திருக்கும், அதைப் படிக்கத் தெரிந்தவர்கள் காத்திருக்க மாட்டார்கள்.

“குறுக்கால இன்னா எழுத்து அது? மூஞ்சிய மறைக்குது,” என்றார் ஆயா.

காப்பகத்தின் பெயர், நகல் எடுக்கக் கூடாது என்ற எச்சரிக்கை. பேரன் அதைப் படித்துச் சொன்னான். பிறகு என்னைப் பார்த்து, “அக்கா, இத எனக்கு அனுப்ப முடியுமா? ஊர்ல எல்லாருக்கும் காட்டலாம்” என்றான்.

இந்த இடத்துக்கு நான் பயந்துகொண்டே இருந்தேன். ஸ்கிரீனர் வாங்கும்போது, வேறு யாருக்கும் கொடுக்க மாட்டேன் என்று கையெழுத்துப் போட்டிருக்கிறேன். இந்தியச் சட்டப்படி ஒரு படத்தின் காப்புரிமை வெளியான வருடத்துக்குப் பிறகு அறுபது ஆண்டு. 1954-இல் வெளியானது என்றால் 2014 முடிவோடு அது தீர்ந்துவிட்டது. ஆனால் உரிமை தீர்ந்தாலும் சுருள் இருக்கும் அறையின் சாவி அவர்களிடம். சாவி வைத்திருப்பவர்களுக்குப் பணம் கட்டியாக வேண்டும். மூன்று நாடுகளில் காட்ட இயக்குநர் பணம் கட்டுவார். அந்த வயலும் அந்தப் பனையும் எந்தச் சீமையில் நின்றனவோ அந்தச் சீமைக்காரர்கள் தங்கள் தெருவில் காட்ட என்ன கட்டணம் என்று எந்த விலைப்பட்டியலிலும் நான் பார்த்ததில்லை. அனுப்ப முடியாது என்று அவனிடம் சொன்னேன். காரணத்தையும் சொன்னேன். சொல்லும்போது எனக்கே அது நியாயமாகப் படவில்லை.

அவன் கோபப்படவில்லை. “யாருக்கு எழுதிக் கேக்கணும்?” என்றான்.

இப்படி ஒருவரும் என்னிடம் கேட்டதில்லை. நானும் இதை யோசித்ததில்லை. ஊர்க்காரர்கள் நேராகக் காப்பகத்துக்கு எழுதினால், விற்பனைக்கில்லாமல் ஊரில் திரையிட மட்டும் என்று கேட்டால், அதோடு அவர்களுடைய பட்டியலில் இருக்கும் பிழையையும் திருத்திக் கொடுத்தால், மறுப்பது அவ்வளவு எளிதில்லை. தேதி தெரியாத சுருளுக்குத் தேதி கொடுக்கிறவர்களைக் காப்பகக்காரர்கள் மதிப்பார்கள். இந்த அனுபவம் எனக்கு உண்டு. முகவரியையும் சுருளின் எண்ணையும் ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். கடிதம் பிரெஞ்சில் இருந்தால் நல்லது என்றும் சொன்னேன்.

“அதுக்கு இன்னா, எங்க கொழுந்தனார் சொல்தாதானே,” என்றார் ஆயா.

சொல்தா என்றால் இந்தப் பக்கத்தில் பிரெஞ்சுப் படையில் இருந்து ஓய்வூதியம் வாங்குகிறவர். இரண்டு வீடு தள்ளி இருந்தார். பிரான்சிலும் ஆப்பிரிக்காவிலும் பணி செய்து திரும்பியவர். இஸ்திரி போட்ட அரைக்கைச் சட்டையில் வந்தார். அவரும் படத்தை இரண்டு முறை பார்த்தார். பேரன் நோட்டுப் புத்தகத்தின் நடுத்தாளைக் கிழித்துக் கொடுத்தான். பெரியவர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு, திண்ணையில் சம்மணமிட்டு, மை பேனாவால் எழுதத் தொடங்கினார். எழுத்து அச்சு மாதிரி சாய்ந்து விழுந்தது. முதலில் வணக்கம், பிறகு சுருளின் எண், பிறகு ஊரின் பெயர், கொம்யூனின் பெயர். டீக்கடைப் பெரியவர் அறுத்த வயலைப் பற்றி ஒரு வரி சேர்க்கச் சொன்னார். ஆயா நுங்கைப் பற்றிச் சேர்க்கச் சொன்னார். சொல்தா ஒவ்வொன்றையும் தமிழில் திருப்பிச் சொல்லி, சரியா என்று கேட்டுக்கொண்டு எழுதினார்.

மாதத்தை எழுத வேண்டிய இடத்தில் பேனா நின்றது. மார்ச் என்று போடட்டுமா, ஏப்ரல் என்று போடட்டுமா என்று என்னைக் கேட்டார். இரண்டும் பாதிப் பாதி வரும் என்றேன். சிறிது நேரம் சாலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பங்குனி என்றே, பிரெஞ்சு எழுத்தில், ஒவ்வோர் எழுத்தாக எழுதினார்.